செஞ்சோற்றுக்கடன் யாருக்கு?



நம்ம ஹாஸ்டல் டிவி ரூமில் எந்தப் படத்துக்கு இடம் பிடிக்கத் தள்ளுமுள்ளு நடக்கும் என்று வாட்ச்மேனைக் கேட்டால்கூடச் சொல்லிவிடுவார். காதல் படத்துக்கு இல்லை. காமெடிக்குக்கூட இல்லை. இரண்டு பேர் தோளில் கை போட்டு நிற்கிற படம். ஒருத்தனுக்கு விழ வேண்டிய வெட்டை இன்னொருத்தன் வாங்குகிற படம். க்ளைமாக்ஸில் நண்பன் மடியில் நண்பன் சாகும்போது, காலையில் லேத்தில் விரலைக் கிழித்துக்கொண்டு அழாமல் நின்றவன்கூட இருட்டில் மூக்கை உறிஞ்சுகிறான். எனக்கும் இந்தப் படங்கள் பிடிக்கும். ஆகவே, 'சினிமா பார்த்துக் கெட்டுப் போகாதீர்கள்' என்று உபதேசம் பண்ணப் போகிறானோ என்று பயந்து பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள்.

சண்டையிலும் கஷ்டத்திலும் பிறக்கிற அந்த நட்பு பொய் இல்லை. நிஜம்தான். ஆனால் அந்தச் சண்டையை மூட்டிவிட்டது யார்? அவன்கள் தின்ற சோறு யார் வீட்டுச் சோறு? இதைக் கேட்கிற படம் நல்ல படம். இதைக் கேட்காமல் நெஞ்சை மட்டும் தட்டுகிற படம், எவ்வளவு விசில் வாங்கினாலும், நம்மை ஏமாற்றுகிற படம். இதுதான் என் கட்சி.

முதலில் ஒரு பழைய படத்தைச் சொல்கிறேன். 'ஆல் கொயட் ஆன் தி வெஸ்டர்ன் ஃப்ரன்ட்'. ரெமார்க் என்ற ஜெர்மானியர் எழுதிய நாவலை 1930ல் ஹாலிவுட்டில் லூயிஸ் மைல்ஸ்டோன் படமாக எடுத்தார். சிறந்த படத்துக்கான ஆஸ்காரும் வாங்கியது. கறுப்பு வெள்ளைதானே என்று ஒதுக்கிவிடாதீர்கள். கதை நம் மாதிரிப் பையன்களைப் பற்றியது. 1914, முதல் உலகப் போர். ஒரு ஜெர்மன் பள்ளிக்கூடம். வாத்தியார் பாடம் நடத்துவதை விட்டுவிட்டுத் தாய்நாடு, தியாகம், வீரம் என்று முழங்குகிறார். வகுப்பு மொத்தமும் புத்தகத்தைத் தூக்கி எறிந்துவிட்டுப் பட்டாளத்தில் சேர ஓடுகிறது. வாத்தியார்? அவர் வகுப்பிலேயே இருக்கிறார், அடுத்த பேட்ச் வரும் இல்லையா!

போர்முனைக்குப் போனதும் அந்தப் பையன்களுக்குக் கிடைக்கிற முதல் நண்பன் காட் என்கிற வயசான சிப்பாய். அவன் பெரிய வீரன் என்று படம் எங்கேயும் பீற்றிக்கொள்ளவில்லை. அவன் திறமை ஒன்றுதான்: எந்தப் பாழாய்ப்போன ஊரிலும் எதையாவது தேடிப் பிடித்துச் சாப்பாட்டுக்கு வழி பண்ணிவிடுவான். குண்டு விழுகிற சத்தத்தை வைத்து எப்போது தரையில் படுக்க வேண்டும் என்று சொல்லித் தருவான். நம் ஃபிட்டிங் ஷாப்பில் முதல் நாள் அரத்தைத் தலைகீழாகப் பிடித்தவனுக்கு, பக்கத்து வைஸில் நிற்கிற அரியர் கோஷ்டி அண்ணன் சத்தமில்லாமல் சொல்லித் தருவாரே, அந்த மாதிரி. நட்பு அங்கேதான் முளைக்கிறது, துப்பாக்கி முனையில் இல்லை. சமையல்காரன் 150 பேருக்குச் சமைத்து வைத்திருக்கிறான். திரும்பி வந்தது கிட்டத்தட்டப் பாதிப் பேர். கணக்குப்படி எல்லாரும் வந்தால்தான் பரிமாறுவேன் என்று நிற்கிறான் அவன். கடைசியில் செத்தவர்கள் பங்கையும் சேர்த்து வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டு, மரத்தடியில் சாய்ந்துகொண்டு, இந்தச் சண்டை எப்படி வந்தது என்று பேசிக்கொள்கிறார்கள். ராஜாக்களையும் மந்திரிகளையும் ஜெனரல்களையும் ஒரு மைதானத்தில் உள்ளாடையோடு நிறுத்தி, ஆளுக்கொரு தடி கொடுத்து அடித்துக்கொள்ளச் சொல்ல வேண்டும் என்கிறான் காட். எத்தனை வீர வசனம் வேண்டுமானாலும் எழுதலாம், இந்த ஒரு பேச்சுக்கு ஈடாகாது.

படத்தில் ஒரு ஜோடி பூட்ஸ் வருகிறது. நல்ல தோல் பூட்ஸ். போட்டிருந்தவன் கால் போய்ச் சாகிறான். பூட்ஸ் அடுத்தவனுக்கு. அவனும் சாகிறான். அதற்கடுத்தவனுக்கு. சாவுக்கு இதைவிடச் சிக்கனமாக ஒரு காட்சி வைக்க முடியுமா என்று தெரியவில்லை.

ஆனால் என்னை உலுக்கியது இது இல்லை. கதாநாயகன் பால் லீவில் ஊருக்கு வருகிறான். பழைய வகுப்புக்குப் போனால், அதே வாத்தியார் அதே பேச்சைப் பேசிக்கொண்டிருக்கிறார். 'நீயும் இவர்களுக்கு நாலு வார்த்தை சொல்லு' என்கிறார். பால் உண்மையைச் சொல்கிறான். பையன்கள் அவனைக் கோழை என்கிறார்கள். லீவு முடிவதற்கு முன்னாலேயே அவன் போர்முனைக்குத் திரும்பிவிடுகிறான். ஏன்? அங்கேதான் காட் இருக்கிறான். அவனைப் புரிந்துகொள்ள உலகத்தில் வேறு ஆள் இல்லை. கவனியுங்கள்... அவனை உயிரோடு வைத்திருந்த நட்பேதான் அவனைச் சாகிற இடத்துக்குத் திரும்ப இழுத்துக்கொண்டு போகிறது! அடிபட்ட காட்டைத் தோளில் சுமந்துகொண்டு பேசிக்கொண்டே வருகிறான் பால். வழியில் இன்னொரு குண்டு விழுகிறது. காட் தோளிலேயே செத்துவிட்டது அவனுக்குத் தெரியாது. இன்னும் பேசிக்கொண்டே வருகிறான்.

1930 டிசம்பரில் இந்தப் படம் பெர்லினில் ஓடியபோது, கோயபல்ஸ் தலைமையில் நாஜி ஆட்கள் தியேட்டருக்குள் புகுந்து நாற்றக் குண்டு வீசினார்கள், வெள்ளை எலிகளை அவிழ்த்துவிட்டார்கள். சிரிப்பாக இருக்கிறது, இல்லையா? அதே மாதத்தில் ஜெர்மனியில் படத்துக்குத் தடை. அடுத்த யுத்தத்துக்கு ஆள் பிடிக்க வேண்டியவர்களுக்கு, 'நம்மை அனுப்பியது யார்' என்று நண்பர்கள் உட்கார்ந்து பேசுவது பிடிக்குமா என்ன? பாலாக நடித்த லூ அயர்ஸ், இரண்டாம் உலகப் போர் வந்தபோது துப்பாக்கி தூக்க மாட்டேன் என்று சொல்லி, மருத்துவப் பிரிவில் சேர்ந்து காயம்பட்டவர்களுக்கு வேலை செய்தார். ஹாலிவுட்டில் அவருக்குக் கெட்ட பெயர் வந்தது. மனுஷர் அசரவில்லை.

அடுத்து ஜப்பான். அகிரா குரோசவாவின் 'செவன் சாமுராய்', 1954. 'ஷோலே'க்குப் பாட்டன் என்று இதைச் சொல்வார்கள். பாட்டனைப் பார்த்தால் பேரன் மேல் இருக்கிற மயக்கம் கொஞ்சம் தெளியும்!

16ஆம் நூற்றாண்டு. அறுவடையை அள்ளிக்கொண்டு போகிற 40 கொள்ளைக்காரர்கள். ஊர் விவசாயிகள் காவலுக்குச் சாமுராய் வீரர்களைத் தேடிப் போகிறார்கள். கொடுக்கக் காசு இல்லை. மூன்று வேளைச் சோறு, அவ்வளவுதான் கூலி. அந்த அரிசிச் சோற்றை வீரர்களுக்குப் போட்டுவிட்டு விவசாயிகள் தினையைத் தின்கிறார்கள். இது தெரிந்ததும் தலைவர் காம்பெய் சோற்றுக் கிண்ணத்தைக் கையில் ஏந்தி, இதை வீணாக்க மாட்டேன் என்று ஒத்துக்கொள்கிறார். நம்ம ஊரில் செஞ்சோற்றுக்கடன் என்று ஒரு வார்த்தை இருக்கிறதே, அதன் முழு அர்த்தமும் அந்த ஒரு கிண்ணத்தில் இருக்கிறது. ஆனால் ஒரு வித்தியாசம். கர்ணன் தின்றது அரசன் போட்ட சோறு. இவர்கள் தின்பது, தான் பட்டினி கிடந்து விவசாயி போட்ட சோறு.

ஏழு பேரும் ஏழு தினுசு. தோஷிரோ மிஃபுனே நடித்த கிகுச்சியோதான் எல்லாருக்கும் பிடித்த ஆள். குடிகாரன், வாய்ச்சவடால். சாமுராய் வம்சம் என்று ஒரு சுருளை நீட்டுகிறான். அதில் போட்டிருக்கிற கணக்குப்படி அவனுக்கு வயசு 13! உண்மையில் அவன் ஒரு விவசாயி மகன். விவசாயிகள் செத்த சாமுராய்களிடமிருந்து உருவிய கவசங்களை ஒளித்து வைத்திருப்பது தெரிந்து மற்ற வீரர்கள் ஆத்திரப்படும்போது, அவன்தான் வெடிக்கிறான். ஆமாம், விவசாயி திருடன்தான், பொய்யன்தான், ஆனால் அவனை அப்படி ஆக்கியது யார், ஊரை எரித்து, பெண்ணை இழுத்து, பயிரைப் பிடுங்கிய நீங்கள்தானே என்கிறான். அத்தனை பேரும் தலை குனிகிறார்கள். நட்பைப் பற்றிய படத்தில் நண்பனே நண்பர்களைக் கூண்டில் ஏற்றுகிற காட்சி இது. நம் படங்களில் இப்படி ஒன்று வந்தால் அடுத்த காட்சியில் அவனைத் துரோகி ஆக்கிவிடுவார்கள்.

இன்னொரு இடம். கியூசோ என்ற வாள்வீரன் தனியாகப் போய் எதிரியிடமிருந்து ஒரு துப்பாக்கியைப் பறித்து வந்து, அலட்டிக்கொள்ளாமல் தூங்கப் போய்விடுகிறான். அவனைப் பார்த்துப் பொறாமைப்பட்ட கிகுச்சியோ தன் காவல் இடத்தை விட்டுவிட்டுப் போய் இன்னொரு துப்பாக்கியோடு கெத்தாகத் திரும்புகிறான். நம்ம டைரக்டர் யாராவது என்றால் அங்கே ஸ்லோ மோஷன், பின்னணியில் ஒரு பாட்டு. காம்பெய் என்ன செய்கிறார்? திட்டுகிறார்! காவலை விட்டுவிட்டு எதற்குப் போனாய் என்கிறார். அந்த நேரத்தில் அவன் விட்டு வந்த இடத்தில் எதிரி புகுந்து உயிர்கள் போகின்றன. தனி ஆள் சாகசத்துக்கு அந்தக் கூட்டத்தில் மதிப்பு கிடையாது. ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கிற மூன்று வீட்டைக் காப்பாற்ற முடியாது என்றதும், அந்த வீட்டுக்காரர்கள் கோபித்துக்கொண்டு வரிசையை விட்டுக் கிளம்புகிறார்கள். காம்பெய் வாளை உருவிக்கொண்டு துரத்தி அவர்களை வரிசைக்குத் திருப்புகிறார். எனக்குத் தெரிந்து 'எல்லாருக்கும் சேர்த்து ஒரு வேலை' என்பதை இவ்வளவு கறாராகச் சொன்ன படம் வேறு இல்லை.

ஏழில் நாலு பேர் சாகிறார்கள். நாலு பேரும் துப்பாக்கிக் குண்டில். ஆயுள் முழுக்கக் கற்ற வாள் வித்தை, எவனோ ஒருத்தன் சுண்டிவிட்ட விசையில் முடிந்து போகிறது. (மெக்கானிக்கல்காரர்கள் இந்த இடத்தில் கொஞ்சம் யோசிக்கலாம்!) கடைசியில் நாலு மண் மேடுகள். கீழே வயலில் விவசாயிகள் பாடிக்கொண்டே நாற்று நடுகிறார்கள். ஜெயித்தது அவர்கள்தான், நாம் இல்லை என்கிறார் காம்பெய். அவர் குரலில் பெருமையும் இல்லை, புலம்பலும் இல்லை.

'ஷோலே' (1975) பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். அந்தக் காசு விஷயம் அருமை. எந்த முடிவானாலும் ஜெய் காசைச் சுண்டித்தான் எடுப்பான். அவன் செத்த பிறகுதான் வீருவுக்குத் தெரிகிறது, அந்தக் காசுக்கு இரண்டு பக்கமும் ஒரே முகம் என்று. அமிதாப்புக்காகவே பார்க்கலாம். ஆனால் அந்தக் கிராமம் பெரும்பாலும் பின்னணித் திரைச்சீலைதான். இரண்டு பேரையும் கூலிக்கு வரவழைத்தது ஒரு தாக்கூரின் சொந்தப் பகை.

இப்போது நம்ம வீட்டுக்கு வருவோம். 'தளபதி'! 1991 தீபாவளிக்கு வந்த படம். நம் அப்பாக்கள் முதல் நாள் பார்த்தது, நாம் போனில் பார்த்தது. இதைத் தொட்டால் அடி விழும் என்று தெரியும், இருந்தாலும் சொல்கிறேன். சூர்யா – தேவா நட்பு கர்ணன் – துரியோதனன் கதை என்பது எல்லாருக்கும் தெரிந்ததே. அநியாயம் பண்ணிய ரமணாவைச் சூர்யா அடிக்கிறான், அவன் சாகிறான். ரமணா தேவாவின் ஆள். நியாயம் சூர்யா பக்கம் என்று தெரிந்ததும் தேவா அவனை வெளியே கொண்டு வருகிறான். அங்கே பிறக்கிறது நட்பு. சந்தோஷ் சிவன் கேமரா, இளையராஜா இசை, ரஜினியும் மம்முட்டியும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கிறார்கள். யாருக்குத்தான் சிலிர்க்காது?

ஆனால் நான் பார்க்கச் சொல்வது பத்மாவை. செத்துப் போன ரமணாவின் மனைவி, பானுப்ரியா. கையில் ஒரு பெண் குழந்தை. தேவா சொல்ல, தன் புருஷனைக் கொன்றவனுக்கே அவள் மனைவி ஆகிறாள். சுப்புலட்சுமி விரும்பியது சூர்யாவை, கட்டிக்கொள்வது கலெக்டரை. இரண்டு ஆண்களின் நட்பு கோபுரம் மாதிரி உயர்கிறது. அஸ்திவாரத்தில் இருக்கிற கல் யார் கண்ணுக்குப் படுகிறது? மணிரத்னத்துக்குப் பட்டிருக்கிறது. பானுப்ரியாவின் முகத்தில் கேமரா நிற்கிற நேரமே அதற்குச் சாட்சி. ஆனால் அந்தக் கேள்வியை முழுசாகக் கேட்க அவருக்கு நேரம் இல்லை, அடுத்த சண்டை வந்துவிடுகிறது. தோழிகளே, இந்த ரகப் படங்களில் உங்களுக்கு வேலையே இல்லை என்று நீங்கள் சொல்வது நியாயம்தான். இருக்கிற வேலையும் இப்படித்தான் இருக்கிறது.

அந்தக் கேள்வியைக் கடைசி வரை கேட்ட தமிழ்ப் படம் 'சுப்ரமணியபுரம்'. 2008ல் சசிகுமாரின் முதல் படம். 1980, மதுரை. அழகர், பரமன், காசி... வேலை வெட்டி இல்லாத கூட்டம். எதிலாவது மாட்டுவார்கள். ஏரியாப் பெரிய மனுஷன் வீட்டு ஆள் வந்து ஜாமீனில் எடுத்துவிடுவான். அந்த ஜாமீன்தான் இங்கே சோறு. அண்ணனுக்குக் கட்சிப் பதவி போய்விட்டது என்று தம்பி கனுகு கண் கலங்கினால் போதும், இவர்கள் கிளம்பிவிடுகிறார்கள். கொலை! பிறகு ஜெயில். இந்த முறை ஜாமீன் வரவில்லை. வேலை முடிந்துவிட்டதே, எதற்கு வரும்? சமுத்திரக்கனி அந்தக் கனுகுவைக் கத்திக் கதறுகிற வில்லனாக நடிக்கவில்லை. நம்ம தெருவில் 'என்ன தம்பி, சாப்ட்டியா' என்று கேட்கிற அண்ணன் மாதிரியே நடித்திருக்கிறார். பயமே அதில்தான். கடைசியில் பரமனைக் காட்டிக் கொடுப்பது எதிரி இல்லை, கூடவே தின்று கூடவே தூங்கிய காசி. பணத்துக்காக. 'நட்பு என்றால் உயிர்' என்று சத்தியம் செய்தவர்களில் ஒருத்தன் அப்படியும் இருப்பான் என்று சொல்ல ஒரு தைரியம் வேண்டும். இந்தப் படத்தின் பாட்டை மட்டும் ரிங்டோனாக வைத்துக்கொண்டு, பரமன் தாடியை மட்டும் காப்பியடித்தவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரிவதில்லை.

சினிமாதானே, இதற்கு ஏன் இவ்வளவு சூடாகிறாய் என்று கேட்கலாம். 2019 ஜூலையில் சென்னை அரும்பாக்கத்தில் கல்லூரி மாணவர்களே சக மாணவர்களைப் பட்டப்பகலில் பஸ்ஸில் இருந்து இறக்கி அரிவாளால் வெட்டினார்கள். அந்த வீடியோவை நம்மில் பாதிப் பேர் பார்த்திருப்போம். 'ரூட்டு தல'க்காக என்றார்கள். அதில் யாரும் யாருக்கும் சொந்தப் பகையாளி இல்லை. ஒரே பஸ்ஸில், ஒரே மாதிரி வீட்டில் இருந்து வந்த பையன்கள்.

அது சென்னை, நாம் அப்படி இல்லை என்று சொல்லாதீர்கள். என்னோடு முதல் வருஷம் ஒர்க்‌ஷாப்பில் ஒரே வெர்னியரைப் பங்கு போட்டுக்கொண்ட ஒருத்தன் இருந்தான். பெயர் வேண்டாம். எனக்கு டாவ்டெயில் பொருந்தாமல் போனபோது, தன் வேலையை நிறுத்திவிட்டு என் ஜாபை அராவித் தந்தவன். அவன் ஊரில் ஓர் அண்ணன். திருவிழாவுக்கு பிளெக்ஸ், பிறந்த நாளுக்கு பைக் ஊர்வலம், பெட்ரோலும் பிரியாணியும் அண்ணன் செலவு. ஒரு ராத்திரி, 'நம்ம பையனை அடிச்சுட்டாங்கடா, வாடா' என்று போன். இவன் கேள்வி கேட்கவில்லை, போனான். அந்த 'நம்ம பையன்' யார் என்றே இவனுக்குத் தெரியாது. போனவர்களில் சிலர் பெயர் மட்டும் எஃப்.ஐ.ஆரில் ஏறவே இல்லை. இவன் பெயர் முன்வரிசையில். பிறகு கேம்பஸ் இன்டர்வியூவில் தேறினான், ஆர்டரும் வந்தது. போலீஸ் வெரிஃபிகேஷனில் நின்றுவிட்டது. ஆறு செமஸ்டரும் ஆல் கிளியர் பண்ணினவன், இன்றைக்கு மாதா மாதம் வாய்தாவுக்குப் போய்க்கொண்டிருக்கிறான். அண்ணன் போனை எடுப்பதில்லை.

அவனிடம் கேட்டேன், "ஏண்டா போன?" என்று. "கூப்பிட்டா போகாம எப்படிடா இருக்கிறது? எவ்வளவு செஞ்சிருக்காரு" என்றான். அதே செஞ்சோற்றுக்கடன்! பிரியாணிக்கு இவ்வளவு வட்டியா? அவன் அம்மா சித்தாள் வேலைக்குப் போய்க் கட்டிய மூன்று வருஷ ஃபீஸ் எந்தக் கணக்கில் வரும்? எனக்காக அரைமணி நேரம் அரம் பிடித்தானே, அந்தக் கடனை நான் எங்கே போய்த் தீர்ப்பது? அதைத் திருப்பிக் கேட்க அவனுக்குத் தோன்றவே இல்லை. இப்போது வாய்தா நாளில் நாங்கள் நாலு பேர் மாறி மாறி அவனோடு போய் கோர்ட் வாசலில் நிற்கிறோம். வக்கீலுக்குக் கொடுக்க ஆளுக்குக் கொஞ்சம் போட்டோம். சினிமாவில் இந்த மாதிரிக் காட்சி வராது. வந்தால் தூங்கிவிடுவோம், அவ்வளவு போர். வெயில், வேப்பமரம், டீ, கூப்பிடுவார்களா மாட்டார்களா என்கிற காத்திருப்பு, அடுத்த தேதி.

'செவன் சாமுராய்' மொத்தம் 207 நிமிஷம். ஹாஸ்டல் டிவி ரூமில் ஒரு சனிக்கிழமை ராத்திரி போடலாம் என்று கேட்டு வைத்திருக்கிறேன். 'சப்டைட்டில் படிக்கணுமாடா?' என்று இப்போதே இரண்டு பேர் முனகுகிறார்கள். பரவாயில்லை, கிகுச்சியோ வந்ததும் சரியாகிவிடுவார்கள். நம் வாய்தாக்காரனையும் வரச் சொல்லியிருக்கிறேன். படத்துக்கு நடுவில் இடைவேளை உண்டு, டீ என் செலவு.